விடியல் லைட் அலாரம்: முழிப்பு வருது, எந்திரிக்கிறது நம்ம பாடு

நம்ம சிங்கப்பூர்ல வருஷம் முழுக்க ஏழு மணி வாக்குலதான் சூரியனே தலைகாட்டும், பிப்ரவரில 7.15 ஆயிடும், 1982 ஜனவரி 1-ல கடிகாரத்த அரை மணி நேரம் முன்னாடி தள்ளி வச்சதுல இருந்து இதான் கதை. ஸ்கூல் 7.30-க்கு, பிள்ளைங்க கும்மிருட்டுல எந்திரிக்கணும், பாவம். மகளுக்காகத்தான் இந்த விடியல் லைட் அலாரத்த ஆன்லைன்ல வாங்குனேன், ஐம்பது வெள்ளிக்குள்ள வந்துச்சு.

அலாரத்துக்கு அரை மணி முன்னாடி மங்கலா செவப்பா ஆரம்பிச்சு, ஆரஞ்சாகி, கடைசில வெள்ளையா பளிச்சுன்னு எரியும். கண்ணுல வெளிச்சம் பட்டா தூக்கம் வர வைக்கிற மெலடோனின்ங்கிற ஹார்மோன் கொறையும், அதான் இதோட சூட்சுமம். ஆனா மூடுன இமைக்குள்ள கொஞ்சம் வெளிச்சம்தான் போகும், செவுத்துப் பக்கம் திரும்பிப் படுத்தாலோ போர்வைய இழுத்து மூடுனாலோ அவ்ளோதான், காசு வேஸ்ட்டு. தலகாணிக்குப் பக்கத்துலயே மொகத்தப் பாத்து வைங்க.

முழிப்பு நெஜமாவே நல்லா வருது, போன் அலாரம் மாதிரி தூக்கிவாரிப் போடல. ஆனா எந்திரிக்கிறது வேற சமாச்சாரம் லா. மகள் கண்ணு முழிச்சு லைட்டயே பாத்துக்கிட்டு படுத்திருப்பா, மேல ஒரு தட்டு தட்டுனா ஸ்னூஸ் வேற ஆயிடும், அப்புறம் என் தொண்டைதான் அலாரம். எந்திரிச்ச பிறகும் அரை மணி வரைக்கும் மந்தமா இருக்கிறது எல்லாருக்கும் உள்ளதுதான், அதுக்கு லைட்ட கொறை சொல்லி புண்ணியமில்ல, எனக்கு பால் இல்லாத கோப்பி ஓ உள்ள எறங்குனாத்தான் யார் மொகத்துல முழிச்சேன்னே தெரியும்.

மானுவல் எறும்பு சைஸ் எழுத்து, திருதிருன்னு முழிக்க வேண்டியதுதான். பறவைச் சத்தம்னு ஒண்ணு இருக்கு, நம்ம பிளாக் கீழ குயில் அஞ்சு மணிக்கே டூட்டில ஏறிடுது, அதுக்கு மேல இது எதுக்கு. மணி காட்டுற நம்பர முழுசா அணைக்க முடியாது, தூக்கம் வராத ராத்திரில அதையே பாத்துக்கிட்டு கொட்டக் கொட்ட முழிச்சிருக்க வேண்டியிருக்கு, ஒரு துணியப் போட்டு மூடிட்டேன்.

உண்மையில இது நல்லா செட் ஆனது எங்க வீட்டுக்காரருக்குத்தான். நைட் ஷிஃப்ட் முடிச்சு வந்து திக்கான கர்ட்டன இழுத்துவிட்டு படுப்பாரு, சாயங்காலம் நாலு மணிக்கு அவருக்குத் தனியா ஒரு விடியல். இப்ப மகளும் அவரும் மாத்தி மாத்தி தூக்கிட்டுப் போறாங்க. ஸ்பீக்கர் கரகரன்னு இருக்கு, அதுக்கும் அந்த நம்பர் வெளிச்சத்துக்கும் சேத்து ஒரு ஸ்டார் கட்.