முகப்பில் பிளே ஸ்டோர், உள்ளே வேறு கடை

வீட்டிலுள்ள பெரியவர்களுக்காகக் கொழும்பில் கைபேசி வாங்கப் போகிறவர்கள், பணத்தை எண்ணிக் கொடுப்பதற்கு முன் இதைப் படித்துவிடுங்கள். கொள்ளுப்பிட்டியில், மாடிக்கு மாடி கைபேசிக் கடைகள் நிறைந்த வணிக வளாகம் ஒன்றில் அம்மாவுக்கு ஓர் ஆண்ட்ரொய்ட் கைபேசி வாங்கினேன். "எல்லாம் போட்டே தருகிறோம் அண்ணா" என்று பெட்டியை உள்ளே கொண்டுபோன பையன், சற்று நேரத்தில் திரும்பி வந்து நீட்டினான். வட்ஸ்அப், யூடியூப், பிளே ஸ்டோர் எல்லாம் திரையில் வரிசையாக இருந்தன.

அந்தப் பிளே ஸ்டோர்தான் விவகாரம்.

வெள்ளவத்தைக்கு வந்ததும் அம்மா தேடியது பஞ்சாங்கம். அதுவும் வாக்கிய பஞ்சாங்கம். எங்கள் வீட்டில் அதில் விட்டுக்கொடுப்பே கிடையாது. தேடினால் ஒரே பக்கத்தில் பச்சை, நீலம், சிவப்பு என்று பதிவிறக்கும் பொத்தான்கள். ஒன்றைத் தொட்டால் வேறு பக்கம், அங்கே "தொடர்க" என்று இன்னொரு பொத்தான். பஞ்சாங்கம் வந்ததோ இல்லையோ, அன்றிலிருந்து அம்மாவின் ரீலோட் (கைபேசியில் முன்கூட்டிப் போடும் காசு) தங்கவில்லை. பேசாமலே காசு கரைந்தது. ஏதோ சேவையில் சேர்ந்துவிட்டதாக ஆங்கிலத்தில் குறுஞ்செய்திகள் வேறு. அம்மா அவற்றை விளம்பரம் என்று நினைத்து விட்டுவிட்டார்.

கைபேசியை வாங்கிக் கண்ணருகே வைத்துப் பார்த்தேன். பிளே ஸ்டோர் முக்கோணத்தின் கீழ்மூலையில் மிளகளவில் குரோம் பிரவுசரின் வட்டச் சின்னம் ஒட்டிக்கொண்டிருந்தது. ஓர் இணையப் பக்கத்துக்குக் குறுக்குவழி அமைத்தால் ஆண்ட்ரொய்ட் போடும் அடையாளம் அது. தொட்டால் திறந்தது குரோம். மேலே இருந்த முகவரி கூகுளுடையதே அல்ல. 'பிளே', 'ஏபிகே' (ஆண்ட்ரொய்ட் செயலியை நிறுவும் கோப்பு) என்ற சொற்களைக் கோத்த ஏதோ ஒரு தளம். கைபேசியில் உண்மையான பிளே ஸ்டோர் இல்லவே இல்லை.

கடைக்குத் திரும்பிப் போனபோது கிடைத்த பதிலைக் கேளுங்கள்: "இப்போது ஸ்டோர் எல்லாம் பிரவுசரிலேதான் அண்ணா திறக்கும். புதிய முறை." கூசாமல் சொன்னான்.

பிரவுசரில் பிளே ஸ்டோரைப் பார்க்கலாம் என்பது உண்மைதான். பிளே.கூகுள்.காம் என்ற முகவரியில் உங்கள் கணக்கோடு நுழைந்து நிறுவும் பொத்தானை அழுத்தினால், அந்தக் கட்டளை உங்கள் கைபேசியிலுள்ள பிளே ஸ்டோருக்குப் போகும். செயலியை இறக்குவது அதுதான். அந்தப் பக்கம் கோப்பு எதையும் உங்கள் கையில் தராது. கைபேசியில் பிளே ஸ்டோர் இல்லையென்றால் அங்கிருந்து எதையும் நிறுவ முடியாது. ஐபோனிலும் அப்படியே: ஆப் ஸ்டோரின் இணையப் பக்கம் காட்டும், நிறுவுவதற்கு ஸ்டோர் செயலிக்குத்தான் போகவேண்டும். ஆகவே பிளே ஸ்டோர் என்று சொல்லிக்கொண்டு ஒரு பக்கம் ஏபிகே கோப்பைத் தந்தால், அது பிளே ஸ்டோர் அல்ல.

இன்னொரு வேலையும் பார்த்திருந்தார்கள். 2017இல் வந்த ஆண்ட்ரொய்ட் 8 முதல், பிளே ஸ்டோருக்கு வெளியிலிருந்து செயலி நிறுவ, அதை இறக்கித் தரும் குரோம் போன்ற ஒவ்வொரு செயலிக்கும் தனித்தனியாக அனுமதி கொடுக்கவேண்டும். குரோமுக்கு அந்த அனுமதியைக் கடையிலேயே கொடுத்துவிட்டிருந்தார்கள். அதனால் அம்மாவிடம் அந்தக் கேள்வி எழவே இல்லை. ரீலோட் போனதோடு விட்டது நல்லது. இப்படி வரும் செயலிகளில் சில குறுஞ்செய்தியைப் படிக்க அனுமதி கேட்கும். வங்கி அனுப்பும் ஒருமுறைக் குறியீடு வருவதும் குறுஞ்செய்தியில்தானே.

கடைசியில் முதலாளியே ஒப்புக்கொண்டார்: சீன உள்நாட்டுச் சந்தைக்கான கைபேசி. அவற்றில் பிளே ஸ்டோர் இல்லாமல்தான் வரும். அதை முதலிலேயே சொல்லியிருந்தால் நான் வேறு கைபேசி வாங்கியிருப்பேன். 2019 அமெரிக்கத் தடைக்குப் பின் வந்த புதிய ஹுவாவி மாடல்களிலும் கூகுள் சேவைகள் இல்லை. ஆனால் அவை ஆப்கெலரி என்ற சொந்த ஸ்டோரோடு வருகின்றன, கூகுள் சின்னத்தை ஒட்டி ஏமாற்றுவதில்லை. பணத்தைத் திருப்பித் தர மட்டும் முதலாளிக்கு மனம் வரவில்லை. "மென்பொருளுக்கு உத்தரவாதம் இல்லை" என்று பற்றுச்சீட்டின் அடியில் எறும்பு எழுத்தில் இருந்ததைக் காட்டினார்.

வாங்கும்போது கடையிலேயே நின்று பிளே ஸ்டோரைத் திறந்து, உங்கள் கணக்குப் படத்தைத் தொட்டு, அமைப்புகளில் 'பற்றி' என்ற பகுதிக்குப் போங்கள். சாதனம் சான்றளிக்கப்பட்டதா என்று அங்கே எழுதியிருக்கும். போலிக் குறுக்குவழியில் அந்த இடமே இராது. ஒவ்வொரு கைபேசிக்கும் உரிய அடையாள எண்ணான ஐஎம்இஐ எண்ணை 1909க்குக் குறுஞ்செய்தியில் அனுப்பிப் பார்த்தால் போதும் என்று நினைக்காதீர்கள். அது கைபேசி தொலைத்தொடர்பு ஆணைக்குழுவில் பதிவானதா என்று மட்டும் சொல்லும், உள்ளே என்ன போட்டிருக்கிறார்கள் என்று சொல்லாது.

ஏற்கெனவே அகப்பட்டவர்கள் முதலில் டேட்டாவை நிறுத்துங்கள். சேவை வழங்குநரை அழைத்து, எண்ணில் ஏறியிருக்கும் கட்டணச் சேவைகள் அத்தனையையும் நீக்கச் சொல்லுங்கள். கூகுள் கடவுச்சொல்லை வேறொரு சாதனத்திலிருந்து மாற்றுங்கள். நுகர்வோர் விவகார அதிகார சபையின் எண் 1977. ஆனால் முறைப்பாட்டை எழுத்தில், மூன்று மாதங்களுக்குள் கொடுக்கவேண்டும். நான் பற்றுச்சீட்டு, அந்தச் சின்னத்தின் படம், அம்மாவுக்கு வந்த குறுஞ்செய்திகள் மூன்றையும் இணைத்துக் கொடுத்திருக்கிறேன். அதே வளாகத்தில் வாங்கியவர்கள் அந்த மூலையைப் பார்த்துவிட்டு எனக்கு எழுதுங்கள்.