ஓர்லாக்கா, லுகோசியா?

பிராம் ஸ்டோக்கரின் ‘டிராகுலா’ நாவல் 1897இல் வெளிவந்தது. அதன் பழைய திரை வடிவங்களில் எதை முதலில் பார்க்கலாம் என்று கேட்பவர்களுக்கு, 1922இல் ஜெர்மனியில் முர்னாவ் இயக்கிய ‘நோஸ்ஃபெராட்டு’வையே தயங்காமல் சொல்வேன்.

உரிமை பெறாமல் எடுத்த படம் அது. இரத்தக் காட்டேரியான டிராகுலா பிரபுவின் பெயரை ஓர்லாக் என்று மாற்றியும் ஸ்டோக்கரின் மனைவி வழக்குத் தொடுத்தார். பிரதிகளை அழிக்கும்படி நீதிமன்றம் உத்தரவிட்டது. தப்பிப் பிழைத்த பிரதிகளில்தான் ஓர்லாக்காக நடித்த மேக்ஸ் ஷ்ரெக்கின் மொட்டைத் தலையையும் எலிப்பற்களையும் இன்று காண்கிறோம். அவன் படியேறும்போது நிழல் மட்டும் சுவரில் ஊர்ந்து போகும். எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அந்த இடத்தில் முதுகு சில்லிடுகிறது. இரத்தக் காட்டேரியைச் சூரிய ஒளி கொல்லும் என்பதும் இந்தப் படம் சேர்த்ததுதான். நாவலில் டிராகுலா பகலிலும் நடமாடுகிறான்.

டாட் பிரௌனிங்கின் 1931 ஹாலிவுட் ‘டிராகுலா’ பேசும்படம். நாவலைவிட அதன் மேடை நாடக வடிவத்துக்கே அது நெருக்கமானது. பிற்பாதி வரவேற்பறைப் பேச்சாகவே நீள்வது எனக்குக் குறைதான். ஆனால் டிராகுலாவாக வரும் பேலா லுகோசி! மாலை உடை, மேலங்கி, சொல் சொல்லாக நிறுத்திப் பேசும் ஹங்கேரிய உச்சரிப்பு. கோரைப்பல்லை ஒருமுறைகூடக் காட்டாமலே அச்சமூட்டுகிறார். ஓர்லாக்கைக் கண்டால் ஓடத் தோன்றும். லுகோசி அழைத்தால் உள்ளே போய்விடுவோம்.