வாஷாரியோவா சகோதரிகள்: அக்காவா, தங்கையா?

ஸ்லோவாக்கிய சினிமாவில் வாஷாரியோவா என்ற பெயரைத் தேடினால் இரண்டு பேர் வந்து நிற்பார்கள். அக்கா எமிலியா 1942இல் பிறந்தவர், தங்கை மக்தா 1948இல். செக்கும் ஸ்லோவாக்கியாவும் ஒரே நாடாக இருந்த காலம் அது. இருவருமே அறுபதுகளில் அங்கே புது மாதிரிப் படங்கள் எடுத்த இளம் இயக்குநர்களின் இயக்கமான செக்கோஸ்லோவாக்கியப் புதிய அலையில் புகழடைந்தவர்கள். அப்புறம் போன பாதைதான் வேறு. இருவரில் யார் சிறந்த நடிகை என்பதுதான் கேள்வி.

படங்களின் தரத்தை மட்டும் வைத்துப் பார்த்தால் தங்கை பக்கம் தட்டு சாய்கிறது. பிரான்டிஷெக் விளாசில் இயக்கிய 'மார்கெட்டா லாசரோவா' (1967) ஒன்றே போதும். பதின்மூன்றாம் நூற்றாண்டு, பனி, ஓநாய்கள், வழிப்பறிக் குடும்பங்கள். கன்னிமடத்துக்கென்று வளர்க்கப்பட்ட பெண்ணை எதிரிக் குடும்பத்தான் தூக்கிப் போகிறான். அந்தப் பெண்தான் மக்தா. படப்பிடிப்பின்போது பதின்வயதுதான். குரல்கூட அவருடையது இல்லை. செக் நடிகை ஒருவர் பேசினார். வசனமும் குறைவு. எல்லாச் சுமையும் முகத்தின் மேல்தான், அதை அந்த முகம் தாங்குகிறது. 1998இல் செக் விமர்சகர்கள் இதையே எக்காலத்துக்கும் சிறந்த செக் படமாகத் தேர்ந்தெடுத்தார்கள்.

இரண்டு வருடம் கழித்து யுராய் யாகுபிஸ்கோவின் 'பறவைகள், அனாதைகள், பித்தர்கள்'. 1968இல் சோவியத் டாங்கிகள் நாட்டுக்குள் புகுந்ததற்குப் பிந்தைய கெடுபிடியில் அந்தப் படத்தை அரசு பெட்டிக்குள் போட்டுப் பூட்டிவிட்டது. 1981இல் யிர்ஷி மென்செல் இயக்கிய 'போஸ்த்ரிஷினி'யில் வேறொரு மக்தா: பீர் ஆலை மேலாளரின் மனைவி, ஊரே பார்த்து வியக்கும் நீளக் கூந்தல்காரி. நல்ல பசியோடு சாப்பிடுகிறாள், பீரை ரசித்துக் குடிக்கிறாள், ஆலையின் புகைபோக்கி உச்சிக்கு ஏறி ஊரைக் கதிகலங்க வைக்கிறாள். ஏறுகிற சந்தோஷம் நமக்கும் தொற்றிக்கொள்ளும்.

நடிப்புப் பள்ளிக்குப் போகாமல் சமூகவியல் படித்தவர் இவர். 'சோஃபிஸ் சாய்ஸ்' என்ற ஹாலிவுட் படத்துக்கு இயக்குநர் ஆலன் பகுலா முதலில் நினைத்ததும் இவரைத்தான் என்பார்கள். வேடம் மெரில் ஸ்ட்ரீப்புக்குப் போய் ஆஸ்கரும் வாங்கிக் கொடுத்தது. 1989இல் கம்யூனிஸ்ட் ஆட்சி விழுந்த பிறகு மக்தா அரசியலுக்குப் போய்விட்டார். ஆஸ்திரியாவிலும் பின்னாளில் போலந்திலும் தூதர், அதன் பிறகு நாடாளுமன்ற உறுப்பினர். நாட்டுக்கு லாபமாக இருக்கலாம். சினிமாவுக்கு நஷ்டம்தான்.

எமிலியாவோ முறைப்படி ஸ்லோவாக்கியத் தலைநகர் பிராத்திஸ்லாவாவில் நடிப்புப் படித்தவர். 1964 முதல் ஸ்லோவாக்கிய தேசிய நாடக அரங்கம்தான் அவருடைய வீடு. முதல் பெரிய பெயர் வோய்தேக் யாஸ்னியின் 'பூனை வரும்போது' (1963) படத்தில். மூக்குக் கண்ணாடி போட்ட ஒரு பூனை. கண்ணாடியைக் கழற்றினால் எதிரே இருப்பவர்களின் குணம் நிறமாகத் தெரியும்: காதலிப்பவர்கள் சிவப்பு, திருடர்கள் சாம்பல், துரோகிகள் மஞ்சள். பூனையோடு வருகிற சர்க்கஸ் பெண் தியானாவாக எமிலியா. கான் திரைப்பட விழாவில் சிறப்பு ஜூரி விருது வாங்கிய படம். ஆனால் உண்மையைச் சொன்னால் அதில் அவர் அழகாக இருக்கிறார், அவ்வளவுதான். நடிப்பதற்குக் கதையில் இடம் அதிகமில்லை.

அவருடைய நடிப்பைப் பார்க்க முப்பத்தைந்து வருடம் தாண்ட வேண்டும். 1999 வசந்தத்தில் ஒரு வேடிக்கை நடந்தது. தங்கை ஸ்லோவாக்கியாவின் முதல் நேரடி ஜனாதிபதித் தேர்தலில் நின்று மூன்றாமிடம் பிடித்தார். அதே பருவத்தில் செக் தியேட்டர்களில் யான் ஹ்ர்ஷெபெய்க்கின் 'பெலிஷ்கி' ஓடிக்கொண்டிருந்தது. வாய் ஓயாத கணவனுக்கு ஈடுகொடுக்கும் மனைவியாக அதில் அக்கா.

அதே இயக்குநரின் 'ஹோரெம் பாதெம்' (2004) இன்னும் ஒரு படி மேலே. வெரா என்கிற முதிய பெண். கணவர் விட்டுப்போய் இன்னொருத்தியோடு வாழ்கிறார். இவள் புகைத்துத் தள்ளுகிறாள், குடிக்கிறாள், அக்கம்பக்கத்தில் குடியிருக்கும் வேற்றினத்தாரை வாய்க்கு வந்தபடி ஏசுகிறாள். வேறு எந்த நடிகையும் இந்த வேடத்தில் கொஞ்சம் இரக்கத்துக்குக் கையேந்தியிருப்பார். எமிலியா ஏந்தவில்லை. அசிங்கமாகப் பேசும்போது அசிங்கமாகவே இருக்கிறார், ஆனாலும் அவரை வெறுக்க முடியவில்லை. செக் நாட்டின் திரைப்பட விருதான செக் சிங்கம் சரியான கைக்குப் போனது.

எனவே என் ஓட்டு அக்காவுக்கு. ஆனால் புதிதாக வருபவர் 'போஸ்த்ரிஷினி'யில் தொடங்குவதே நல்லது. இரண்டாவதாக 'ஹோரெம் பாதெம்'. 'மார்கெட்டா'வுக்கு மூன்று மணி நேரத்துக்குக் கொஞ்சம் குறைவாகத்தான் ஆகும், ஆனால் பெரிய திரையும் பொறுமையும் இருந்தால் மட்டும் தொடுங்கள்.