எடிட்டர் இயக்குநரானால் மேசையை விடலாமா?

படம் இயக்க வாய்ப்பு வந்ததும் எடிட்டிங் மேசையை விட்டுவிடுவதா, வைத்துக்கொள்வதா? வெவ்வேறு வழியில் போன மூன்று பேரைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம்.

ஹாலிவுட்டின் ராபர்ட் வைஸ் விட்டுவிட்டார். 'சிட்டிசன் கேன்' (1941) படத்தொகுப்புக்காக ஆஸ்கர் பரிந்துரை பெற்றவர். ஆர்.கே.ஓ. ஸ்டுடியோவில் ஒரு படப்பிடிப்பு இழுத்துக்கொண்டே போனபோது, இயக்குநரை மாற்றிவிட்டு இவரிடம் கொடுத்தார்கள். 1944-ல் வந்த அந்தப் படம்தான் இயக்குநராக அவர் பெயர் வந்த முதல் படம். எந்த ஷாட் தேவை, எது வெட்டில் விழும் என்று தெரிந்தவர் கையில் நாளும் பணமும் வீணாகாது. அப்புறம் இயக்கத்துக்கு மட்டும் இரண்டு ஆஸ்கர்.

ஹிருஷிகேஷ் முகர்ஜி விடவே இல்லை. இந்தி இயக்குநர் பிமல் ராயின் எடிட்டராக இருந்தவர். இயக்கிய முதல் படம் 'முசாஃபிர்' (1957) ஓடவில்லை. ஆனால் மறு வருடமே வந்த பிமல் ராயின் 'மதுமதி' இவர் தொகுத்ததுதான். ஒரு தோல்வியோடு அவர் வீட்டுக்குப் போகவில்லை என்றால், அதற்கு மேசையும் ஒரு காரணம். பெயர் பெற்ற இயக்குநரான பிறகும் மலையாளத்துக்கு வந்து 'செம்மீன்' (1965) தொகுப்பில் பங்கெடுத்தார். 'ஆனந்த்' (1971) படத்தை இயக்கி, தொகுப்பையும் தானே செய்தார்.

நம்மூர் பீ. லெனின் கதை வேறு. அப்பா பீம்சிங்கும் இரட்டை இயக்குநர்கள் கிருஷ்ணன்-பஞ்சுவிடம் எடிட்டிங் பழகி இயக்குநரானவர். பிறகு இயக்குநராகவே நிலைத்தார். மகன் மேசையில்தான் நிலைத்தார். 'சொல்லத் துடிக்குது மனசு' (1988) இயக்கிய பிறகும் வி.டி. விஜயனோடு சேர்ந்து பெரிய வணிகப் படங்களைத் தொகுத்தார். 'காதலன்' (1994) இருவருக்கும் தேசிய விருது வாங்கித் தந்தது. தான் இயக்கியபோதோ 'நாக் அவுட்' என்ற குறும்படம், ஜெயகாந்தன் கதையை வைத்து 'ஊருக்கு நூறு பேர்' என்று சந்தையைப் பார்க்காமலே போனார். 'ஊருக்கு நூறு பேர்' அவருக்குச் சிறந்த இயக்குநருக்கான தேசிய விருதைக் கொடுத்தது. மேசையில் வேலை இருந்ததால்தான் இந்தத் துணிச்சல் சாத்தியமானது என்று நான் நினைக்கிறேன்.

இயக்கிவிட்டு மேசைக்குத் திரும்புவதைத் தோல்வியாகப் பேசுகிறவர்கள் ஹாலிவுட் எடிட்டர் வால்டர் மர்ச்சைப் பார்க்க வேண்டும். 1985-ல் ஒரு படம் இயக்கினார், அது வசூலில் விழுந்தது. திரும்பி வந்தவர் 'தி இங்கிலீஷ் பேஷன்ட்' (1996) படத்துக்குத் தொகுப்பு, ஒலி இரண்டுக்கும் ஆஸ்கர் வாங்கினார்.

வைஸுக்கு ஸ்டுடியோ என்ற கூரை இருந்தது. கோடம்பாக்கத்தில் இன்று ஒரு எடிட்டருக்கு அது கிடையாது, அதனால் என் ஓட்டு மேசையை வைத்துக்கொள்வதற்கே. ஒரு விஷயத்தில் மட்டும் முகர்ஜியைப் பின்பற்றச் சொல்ல மாட்டேன். வெளிச்சத்துக்காக அரை நாள் காத்திருந்து எடுத்த ஷாட்டை, எடுத்தவருக்கே வெட்ட மனசு வராது. அந்த அரை நாள் தெரியாத இன்னொரு எடிட்டர், படத்துக்கு வேண்டாம் என்றால் தூக்கிவிடுவார். சொந்தப் படத்தை மட்டும் அவரிடம் கொடுத்துவிடுவது நல்லது.