ஜியோமெட்ரி டாஷ்: மூன்று வருடமும் ஒரு விரலும்

2022 ஜூனில் குரோம்பேட்டையிலிருந்து கிண்டிக்கு மின்சார ரயிலில் வேலைக்குப் போய்வர ஆரம்பித்தபோது ஜியோமெட்ரி டாஷை போனில் ஏற்றினேன். முதலில் இலவசமாகக் கிடைக்கும் லைட் பதிப்பு. இரண்டு வாரத்தில் காசு கொடுத்து முழுப் பதிப்பையே வாங்கிவிட்டேன். அன்றிலிருந்து நான் விடாமல் ஆடும் ஒரே விளையாட்டு இதுதான். கிளப்ஸ்டெப் என்ற லெவலை முடிக்க எனக்கு 4,112 அட்டெம்ப்ட் பிடித்தது. அதில் முதல் மூவாயிரத்தை வேறு மாதிரி ஆடியிருந்தால் மொத்தத்தில் பாதிகூடத் தேவைப்பட்டிருக்காது. அந்த வேறு மாதிரி என்ன என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

விளையாட்டைத் தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக: ஸ்வீடனைச் சேர்ந்த ராபர்ட் டோபாலா இதை உருவாக்கி 2013 ஆகஸ்டில் வெளியிட்டார். ஒரு சின்னச் சதுரம் இடமிருந்து வலமாகத் தானே ஓடும். திரையைத் தொட்டால் குதிக்கும். முள்ளில் பட்டாலோ சுவரில் இடித்தாலோ லெவலின் தொடக்கத்துக்கே போய்விட வேண்டும். வழியில் வரும் வாசல்களைக் கடக்கும்போது சதுரம் கப்பலாகும், பந்தாகும், பறக்கும் தட்டாகும், வேவ் ஆகும். கப்பல் அழுத்திப் பிடித்தால் ஏறும், விட்டால் இறங்கும். பந்து ஒரு தொடுகைக்குத் தரையிலிருந்து கூரைக்கும், அடுத்த தொடுகைக்குத் திரும்பத் தரைக்கும் போகும். வேவ் 45 டிகிரிக் கோட்டில் ரம்பம் மாதிரி ஏறி இறங்கும். எல்லாவற்றுக்கும் ஒரே விரல்தான்.

இதில் தேற வேகமான கை வேண்டும் என்று எல்லோரும் நினைக்கிறார்கள். நானும் அப்படித்தான் நினைத்தேன். சாதாரண வேகத்தில் அந்தச் சதுரம் ஒரு விநாடிக்குப் பத்துக் கட்டத்துக்குச் சற்று மேல் ஓடுகிறது. கண் ஒன்றைப் பார்த்து விரல் அசைய மனிதர்களுக்குக் கிட்டத்தட்டக் கால் விநாடி ஆகும். அதற்குள் இரண்டரைக் கட்டம் போய்விடும். எளிய லெவல்களில் முன்னால் வருவது திரையில் தெரிவதால் பார்த்துக் குதித்துச் சமாளிக்கலாம். டீமன் என்று சொல்லப்படும் மிகக் கடினமான வகை லெவல்களில் ஒரே விநாடிக்குள் மூன்று, நான்கு தொடுகைகள் வெவ்வேறு இடைவெளியில் வரும். அங்கே பார்த்துக் குதிக்க நேரமே இல்லை. பாதை விரலுக்கு ஏற்கெனவே தெரிந்திருக்க வேண்டும்.

சரி, விரலுக்கு எப்படித் தெரியவைப்பது? முதல் ஒன்றரை வருடம் எனக்குத் தெரிந்த ஒரே வழி, திரும்பத் திரும்பத் தொடக்கத்திலிருந்து ஓடுவது. செத்த நொடியிலேயே விளையாட்டு தானாக அடுத்த அட்டெம்ப்டைத் தொடங்கிவிடும். யோசிக்க இடைவெளியே கிடைக்காது. தாம்பரத்திலிருந்து வரும் ரயிலில் பல்லாவரம் தாண்டுவதற்குள் முப்பது முறை செத்திருப்பேன். எதனால் செத்தேன் என்று கேட்டால் ஒன்றுக்கும் பதில் தெரியாது. லெவலின் முதல் 20 சதவீதத்தைக் கண்ணை மூடிக்கொண்டு ஆடும் அளவுக்குத் தேறியிருந்தேன். 60-க்கு மேல் இருப்பதை விரல்விட்டு எண்ணக்கூடிய தடவைகள்தான் பார்த்திருந்தேன்.

இதை எனக்கு எடுத்துச் சொன்னது அக்கா மகள். பன்னிரண்டு வயது. மயிலாப்பூரில் மிருதங்கம் கற்றுக்கொள்கிறாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை பக்கத்தில் உட்கார்ந்து அரை மணி நேரம் பார்த்துக்கொண்டே இருந்தவள், "மாமா, நீங்க ஏன் எப்பவும் மொதல்லேர்ந்தே வாசிக்கிறீங்க?" என்றாள். வாசிக்கிறீங்க என்றுதான் சொன்னாள். "எங்க சார் புதுக் கோர்வை குடுத்தா கடைசித் ததிங்கிணதோம்லேர்ந்து ஆரம்பிக்கச் சொல்வாரு. அப்புறம் அதுக்கு முன்னாடி இருக்குறத சேக்கணும். அப்பதான் முடிவுக்கு வரும்போது கை பயப்படாதுன்னு சொல்வாரு." கோர்வை என்பது வாசிப்பை முடித்துவைக்கும் தாளக் கோப்பு; ததிங்கிணதோம் அதன் கடைசியில் வரும் சொல்.

அன்றிரவே முயன்று பார்த்தேன். விளையாட்டில் பிராக்டிஸ் மோட் என்று ஒன்று உண்டு. வேண்டிய இடத்தில் பச்சை வைரம் போன்ற செக்பாயிண்ட் வைத்துக்கொள்ளலாம். செத்தால் அங்கிருந்தே தொடங்கும். பலர் அதை ஒரு தடவை கடைசிவரை போய்ப் பார்த்துவிட்டு மூடிவிடுகிறார்கள். நான் இப்போது செய்வது இது. வழியெல்லாம் செக்பாயிண்ட் வைத்தபடி 85 சதவீதம்வரை போவேன். அங்கிருந்து முடிவுவரை ஆடி, முடிவுக்குச் சற்று முன்னால் வேண்டுமென்றே எதிலாவது மோதுவேன். முழுதாக முடித்துவிட்டால் மறுபடி தொடக்கத்துக்குப் போக வேண்டியிருக்கும் என்பதால் இந்த மோதல். மறுபடி 85. ஐந்து முறை தொடர்ந்து பிசகாமல் வந்தால் கடைசிச் செக்பாயிண்டை அழிப்பேன். இப்போது 75-இலிருந்து முடிவுவரை. அதுவும் ஐந்து முறை வந்ததும் 65. இப்படி லெவலின் வாலைப் பிடித்துத் தலைக்குப் போவது. லெவலின் முடிவுதான் நான் அதிகம் ஆடிய பகுதி என்று ஆகும்வரை, செக்பாயிண்ட் இல்லாத நார்மல் மோடுக்குப் போவதில்லை.

இதில் ஒரு கவனம் தேவை. கப்பல் பகுதிக்கு நடுவில் செக்பாயிண்ட் வைத்தால், வைத்த நொடியில் இருந்த அதே உயரத்தில், அதே ஏற்ற இறக்கத்தில்தான் ஒவ்வொரு முறையும் தொடங்குவோம். நார்மல் மோடில் அந்த இடத்துக்கு வேறு உயரத்தில் வந்து சேருவோம், பழகியது உதவாது. அதனால் கப்பலாக மாறும் வாசலுக்கு முன்பே, சதுரம் தரையில் ஓடும் இடத்தில் வைக்க வேண்டும். வாசலைத் தாண்டும் அந்த அரை விநாடியில்தான் நான் கணக்கில்லாமல் செத்திருக்கிறேன். சதுரத்துக்குத் தட்டிய பழக்கத்தில் கப்பலையும் தட்டினால் நேராகக் கூரைதான்.

எந்த இடத்தைத் தேய்ப்பது என்பதற்கு எண்கள் உதவும். லெவலைப் பத்துத் துண்டாகப் பிரித்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு துண்டையும் பத்துக்கு ஒன்பது தடவை தாண்டுகிறீர்கள் என்றால் நல்ல ஆட்டம் போலத் தோன்றும். ஆனால் பத்துத் துண்டையும் ஒரே ஓட்டத்தில் தாண்டும் வாய்ப்பு 35 சதவீதம்தான். ஒவ்வொன்றும் பத்துக்கு எட்டு என்றால் அது 11 சதவீதத்துக்கு இறங்கிவிடும். கிளப்ஸ்டெப்பில் எனக்கு ஒன்பது துண்டுகள் ஓரளவு கைக்கு வந்திருந்தன. 63-க்கும் 68-க்கும் நடுவில் இருந்த ஒரு துண்டில் மட்டும் இரண்டுக்கு ஒரு முறை சாவு. ஒரு சின்ன நோட்டில் செத்த சதவீதத்தை மட்டும் இரண்டு நாள் குறித்து வைத்ததில் இது தெரிந்தது. அதுவரை என் மனதில் இருந்த கெட்ட இடம் 40-இல் வரும் வேறு ஒன்று. அங்கே செத்தால் கோபம் வரும் என்பதால் அது நினைவில் நின்றிருக்கிறது. நோட்டில் அந்த எண் மூன்றே தடவைதான் இருந்தது. எல்லோரும் இரண்டே நாள் இந்த நோட்டைப் போட்டுப் பார்க்க வேண்டும் என்று மனதார விரும்புகிறேன்.

அந்த 63-ஐ ஒரு வாரம் தேய்த்தும் பிடிபடவில்லை. அப்போது 2023 டிசம்பர் தொடக்கம், மிக்ஜாம் புயல் வந்தது. எங்கள் தெருவில் முழங்கால் தண்ணீர், மின்சாரம் இல்லை. போனில் இருந்த சார்ஜை வீட்டாரோடு பேசுவதற்கு மட்டும் என்று ஒதுக்கிவைத்தோம். அப்புறம் வீட்டைக் கழுவுவது, அலமாரிச் சாமான்களை வெயிலில் காயவைப்பது என்று பத்து நாள் விளையாட்டின் நினைப்பே இல்லை. பதினொன்றாம் நாள் ரயிலில் திறந்தேன். 63-ஐ முதல் முயற்சியிலேயே தாண்டினேன். அடுத்ததிலும் தாண்டினேன். கை கற்றுக்கொண்டது தூக்கத்திலும் ஓய்விலும்தான் இறுகுகிறது என்று இசைக் கலைஞர்களும் விளையாட்டு வீரர்களும் சொல்லிக் கேட்டிருக்கிறேன். அன்று நேரில் பார்த்தேன். இப்போது ஒரு துண்டில் இருபது முறைக்கு மேல் தொடர்ந்து சாகிறேன் என்றால் அன்றைக்கு அதை மூடிவிடுவேன். களைத்த விரல் தப்பான நேரத்தைத்தான் பழகிக்கொள்கிறது.

காதைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். இந்த விளையாட்டின் பாதை இசையின் மேல் போடப்பட்டது. பெரும்பாலான குதிப்புகள் தாளத்தில் விழும். அக்கா மகள் சொல்லித்தான் நான் தொடுகைகளை மிருதங்கத்தின் தாளச் சொற்களான சொற்கட்டாகச் சொல்லிப் பழகினேன். சமமாக நான்கு குதிப்பு என்றால் தகதிமி. மூன்று என்றால் தகிட. தொடாமல் விட வேண்டிய இடம் கார்வை. ஒரு துண்டை முதலில் போனைத் தொடாமல், வாயால் சொல்லி, தொடையில் தட்டிப் பார்ப்பேன். சொல்லாக வந்துவிட்டால் விரலுக்கு வர அதிக நேரம் ஆவதில்லை. பிராக்டிஸ் மோடில் வழக்கமாக ஒலிப்பது வேறொரு பாட்டு. லெவலின் இசை ஒலிக்காமல் பழகியது நார்மல் மோடில் பாதிதான் கைகொடுக்கும். அதனால் லெவலின் இசையைத் தனியாகவும் கேட்டுப் பழகுங்கள்.

காதை நம்பி ஆடுவதால் ப்ளூடூத் இயர்போன் இதற்கு ஆகாது. சாதாரணமாக அதில் ஒலி 100, 200 மில்லி விநாடி பிந்தி வரும். 60 ஹெர்ட்ஸ் திரையில் ஒரு படம் நிற்பதே 17 மில்லி விநாடிக்கும் குறைவு என்றால் அந்தப் பிந்தல் எவ்வளவு பெரிது என்று புரியும். நான் எட்டு மாதம் ப்ளூடூத்தில் ஆடிவிட்டு, ரிச்சி ஸ்ட்ரீட்டில் ஒரு டைப்-சி வயர் இயர்போன் வாங்கினேன். மாற்றிய முதல் வாரம் எல்லாக் குதிப்பும் தப்பின. அவ்வளவு நாள் காதும் கண்ணும் ஒத்துப்போகாமலேயே பழகியிருந்தது. இரண்டாம் வாரத்திலிருந்து ஆட்டமே வேறு.

சென்னையில் ஆடுபவர்களுக்கு வியர்வை ஒரு தனிப் பிரச்சினை. ஈர விரலைத் தொடுதிரை சரியாக உணராது. சில தொடுகை விழாது, சில இரண்டாக விழும். ஏப்ரல், மே மாதங்களில் ரயிலில் கடினமான லெவலைத் தொடவே மாட்டேன். கைக்குட்டையில் விரலைத் துடைத்துக்கொண்டு, வாயால் சொற்கட்டு சொல்வதோடு சரி. சார்ஜ் போட்டுக்கொண்டே ஆடுவதும் வேண்டாம். மலிவான சார்ஜர் ஒன்று போட்டிருந்தபோது என் திரை தானாகத் தொடுகைகளைப் பதிவுசெய்தது; ஒரு வாரம் என் விரல்தான் கெட்டுவிட்டது என்று நினைத்துக்கொண்டிருந்தேன். தடித்த ஸ்கிரீன் கார்டையும் கழற்றிப் பாருங்கள்.

கடைசியாகப் பதற்றம். கிளப்ஸ்டெப்பில் 91, 94, 96 என்று மூன்று முறை செத்திருக்கிறேன். 90-ஐப் பார்த்ததும் மூச்சு நின்றுவிடும், போனைப் பிடித்த பிடி இறுகும், தொடுகை முந்திவிடும். பின்னாலிருந்து பழகியதில் இது பாதி தீர்ந்தது. மீதிக்கு இரண்டு காரியம் செய்தேன். அமைப்புகளில் போய், திரையின் மேலே ஓடும் சதவீதத்தையும் முன்னேற்றப் பட்டையையும் அணைத்துவைத்தேன். லெவலில் ஒரு விநாடி எதுவும் செய்ய வேண்டியிராத இடங்கள் இரண்டு மூன்று இருக்கும். அவற்றைக் கண்டுபிடித்து, பிராக்டிஸ் மோடிலிருந்தே அங்கெல்லாம் மூச்சை வெளியே விடப் பழகினேன். முடித்த அன்று எத்தனை சதவீதத்தில் இருக்கிறேன் என்று எனக்குத் தெரியாது. மூச்சு விடும் கடைசி இடம் வந்தது, விட்டேன், சற்று நேரத்தில் திரை வெளுத்து லெவல் முடிந்திருந்தது. சைதாப்பேட்டை வந்திருந்தது. நான் கிண்டியில் இறங்கியிருக்க வேண்டும்.

விளையாட்டில் குறைகளும் உண்டு. ஆடுபவர்களே உருவாக்கும் லெவல்களில் ஒரே தரவரிசையில் இருப்பவை ஒன்றுக்கொன்று மலைக்கும் மடுவுக்குமான வித்தியாசத்தில் இருக்கும். சிலவற்றில் பளிச்பளிச்சென்று வெளிச்சம் அடிக்கும். இருபது நிமிடத்துக்கு மேல் என் கண் தாங்காது. கிளப்ஸ்டெப்பைத் திறக்கவே மற்ற லெவல்களில் ஒளிந்திருக்கும் காயின்களில் பத்தைச் சேர்க்க வேண்டும் என்பது புதியவர்களுக்குச் சலிப்பாக இருக்கலாம். எனக்கு அது பிடித்தது. காயினுக்காகப் பழைய லெவல்களுக்குத் திரும்பிப் போய் வேறு வழியில் ஓடியபோதுதான் அவை எனக்கு நன்றாகத் தெரிந்தன. முழுப் பதிப்புக்குக் கொடுத்த காசு மூன்று வருடத்தில் நூறு மடங்காகத் திரும்பி வந்துவிட்டது என்றே சொல்வேன்.

இப்போது தியரி ஆஃப் எவ்ரிதிங் 2 என்ற லெவலில் இருக்கிறேன். அதைத் திறக்க 20 காயின். பின்னாலிருந்து 71-வரை வந்தாயிற்று. போன ஞாயிறு அதே 71-இல் ஒரு குதிப்பு பிடிபடாமல் அக்கா வீட்டுச் சோபாவில் உட்கார்ந்து மோதிக்கொண்டிருந்தேன். பக்கத்தில் கண்ணை மூடித் தொடையில் தாளம் போட்டபடி கேட்டுக்கொண்டிருந்தவள் என் முழங்கையைத் தொட்டாள்.

"மாமா, அங்க கார்வை. நீங்க வாசிச்சிடுறீங்க."

அடுத்த முறை அந்த இடத்தில் விரலைத் தூக்கி வைத்துக்கொண்டேன். சதுரம் முள்ளின் ஓரமாகத் தானே இறங்கிப் போனது.