வாய்தாவுக்கு வராவிட்டால்: செக் வழக்கும் அப்பீலும்

டவாலி மூன்று முறை பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார், பதில் இல்லை. செக் திரும்பிய வழக்கில் புகார்தாரர் இப்படி வராமல் போனால், எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர், விடுதலையே ஆகிவிடலாம். அப்புறம் அதே கோர்ட்டில் மனு போட்டு வழக்கை உயிர்ப்பிக்க முடியாது, மேல்முறையீடுதான். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 256ஆவது பிரிவில் கட்டாய அவகாசம் கிடையாது. அதற்குப் பதிலாக வந்த இப்போதைய சட்டமான பி.என்.எஸ்.எஸ். 279ஆவது பிரிவு, விடுதலைக்கு முன் 30 நாள் தரச் சொல்கிறது. வெளியூர்க்காரர்களுக்கு இது பெரிய நிம்மதி.

தண்டனையை எதிர்த்த அப்பீல் வேறு கதை. வக்கீல் வரவில்லை என்பதற்காக மட்டும் அதைத் தள்ளக் கூடாது. கேஸ் கட்டைப் படித்து, தகுதி பார்த்துத்தான் முடிக்க வேண்டும் என்று 1996இல் பானி சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அப்பீல்காரர் சிறையில் இருந்தால், அரசுச் செலவில் வக்கீலும் வைக்கலாம்.