தனியாக எழுதுவதா, கூடி எழுதுவதா?

அமெரிக்க அறிவியல் புனைவுத் தொடர்களில் எழுத்தாளராக நிலைத்த இருவரைப் பார்க்கலாம். ஜே. மைக்கேல் ஸ்ட்ராசின்ஸ்கி 'பாபிலோன் 5' தொடரின் 110 அத்தியாயங்களில் 92ஐத் தானே எழுதினார். மூன்றாம், நான்காம் பருவங்கள் முழுக்க அவர் கைவண்ணம்தான். ஐந்தாண்டுக் கதையை முன்பே யோசித்து வைத்திருந்ததால், ஆரம்பத்தில் போட்ட முடிச்சுகள் பின்னால் அழகாக அவிழ்ந்தன. சரி, ஒருவரே எத்தனை நாள் இப்படி மாடாய் உழைப்பது?

ரொனால்ட் மூர் வந்த வாசல் வேறு. ஸ்டார் ட்ரெக் படப்பிடிப்புத் தளத்தைச் சுற்றிப் பார்க்கப் போனவர், கையோடு ஒரு திரைக்கதையையும் கொண்டுபோனார். 1989இல் அது ஒளிபரப்பானது! அப்புறம் பல வருடம் எழுத்தாளர் குழுவில் மற்றவர்களோடு மல்லுக்கட்டிப் பழகியவர், 2004இல் 'பேட்டில்ஸ்டார் கலாக்டிகா' தொடரையும் குழுவோடுதான் நடத்தினார். புதிதாக வருபவருக்கு மூரின் வழியைத்தான் சொல்வேன். சம்பளம் வாங்கிக்கொண்டே தொழில் கற்கலாம்.